அண்ணை றைற்: கதாநாயகன் ஆகாத ஒரு நடிகரின் கதை

கே. எஸ். பாலச்சந்திரன் மேடைக்கு வந்து ‘அண்ணை றைற்’ என்று ஒரு குரல் கொடுத்தால் போதும், பஸ் புறப்பட்டுவிடும். மேடையில் பஸ் கிடையாது, இருக்கை கிடையாது, சாரதி கிடையாது, ஏறி இறங்கச் சனமும் கிடையாது. ஒரு மனிதரும் அவருடைய தொண்டையும் மட்டும்தான். ஆனாலும் மண்டபத்தில் இருப்பவர்களுக்கு நெரிசல் தெரியும், பிறேக் அடிக்கும்போது எல்லோரும் முன்னால் சரிவது தெரியும், மிதிபலகையில் தொங்கிக்கொண்டு வருகிற பொடியன் எப்படிப்பட்டவன் என்றுகூடத் தெரியும். எழுபதுகளில் உருவாகி, பிறகு ஒலிநாடாவாகக் கைமாறிக் கைமாறிப் பரவிய தனிநடிப்பு இது. அந்தத் தலைமுறையில் இதைக் கேட்டுச் சிரிக்காத யாழ்ப்பாணத்து வீடு குறைவு.

தனிநடிப்பு என்றால் நம்முடைய பள்ளிக்கூட மேடைகளில் ஒருவர் கண்ணை உருட்டிக்கொண்டு இராவணனாகவோ கட்டபொம்மனாகவோ முழங்குவதுதான் வழக்கம். பாலச்சந்திரன் எடுத்துக்கொண்டது இ.போ.ச. கொண்டக்டரை. சாமர்த்தியமான தெரிவு அது. பஸ்ஸில் எல்லோரோடும் பேசியே ஆகவேண்டியவர் கொண்டக்டர் ஒருவர்தான். முன்னுக்கு இருக்கும் சாரதிக்குக் குரலை எறியவேண்டும். ஆச்சிக்கு ஒரு தொனி, கள்ள ரிக்கற்காரனுக்கு இன்னொரு தொனி, கொழும்பிலிருந்து லீவில் வந்த உத்தியோகத்தருக்கு வேறொன்று. சில்லறைக்குச் சண்டை பிடிக்கவேண்டும், பின்னுக்குப் போகச் சொல்லிக் கெஞ்சவேண்டும், பெட்டைகள் ஏறினால் குரலைக் கொஞ்சம் இளக்கவேண்டும். கொண்டக்டரைச் சரியாகப் பிடித்துவிட்டால் அந்தப் பாதையில் உள்ள ஊர்கள் எல்லாம் தாமாக வந்து ஏறிக்கொள்ளும். 1958 ஜனவரி 1ஆம் திகதி தனியார் பஸ் கம்பனிகள் அரசுடைமையாகி இலங்கைப் போக்குவரத்துச் சபை (இ.போ.ச.) உருவானது. வேலிக்கு வேலி, ஒழுங்கைக்கு ஒழுங்கை விலகி நின்றே பழகிய குடாநாட்டில் முன்பின் தெரியாதவர்கள் தோளோடு தோள் உரச நேர்ந்த இடங்களில் முக்கியமானது அந்தச் சிவப்புப் பஸ். உரசுகிற இடத்தில் சத்தம் எழும். அந்தச் சத்தத்தை அப்படியே அள்ளிக்கொண்டுவந்து மேடையில் வைத்தார் பாலச்சந்திரன்.

1944 ஜூலை 10ஆம் திகதி வடமராட்சியில் கரவெட்டியில் பிறந்தவர். படித்தது அதே ஊரின் விக்னேஸ்வராக் கல்லூரியில். உத்தியோகம் இறைவரித் திணைக்களத்தில். மேடை, வானொலி, சினிமா, தொலைக்காட்சி என்று கிடைத்த இடமெல்லாம் நடித்தார். எழுதினார், நெறிப்படுத்தினார். பிறகு கனடாவுக்குப் போய் அங்கேயும் அதையே செய்தார். 2014 பெப்ரவரி 26ஆம் திகதி கனடாவிலேயே காலமானார். இவ்வளவு நீண்ட நடிப்பு வாழ்க்கையில் கதாநாயகன் என்று சுவரொட்டியில் முகம் பெரிதாகப் போட்டு விற்கப்பட்டவர் அல்ல அவர். ஆனால் ஈழத்துத் தமிழ்ப் படங்களின் கதாநாயகர்களில் இன்று எத்தனை பேரின் பெயரை நம்மால் யோசிக்காமல் சொல்லமுடியும்? கொண்டக்டரை மறந்தவர் யாருமில்லை.

இப்படியான நடிகர்களுக்கு ஹொலிவூட்டில் ஒரு நிரந்தரத் தொழிலே இருந்தது. முப்பதுகள், நாற்பதுகளில் அங்கே பெரிய ஸ்டூடியோக்கள் நடிகர்களை ஒப்பந்தத்தில் வைத்திருந்தன. நாயகன் மாறினாலும் அவன் பக்கத்தில் நிற்க ஒரு கிழவன், ஒரு கடைக்காரன், ஒரு முன்கோபக்கார மாமன் படத்துக்குப் படம் தேவைப்பட்டார்கள். வால்டர் பிரென்னன் என்ற நடிகர் துணைப்பாத்திரங்களுக்காகவே 1936, 1938, 1940ஆம் ஆண்டுப் படங்களுக்கு மூன்று ஒஸ்கார் விருது பெற்றார். தொலைக்காட்சி வந்து சினிமாவின் வயிற்றில் அடித்தபோது அவர் கவலைப்படவில்லை. 1957இல் ‘த ரியல் மெக்கோய்ஸ்’ என்ற தொடரில் தாத்தாவாகப் போய் உட்கார்ந்து 1963 வரை அமெரிக்க வீடுகளின் வரவேற்பறைகளில் நொண்டி நடந்தார். தெல்மா ரிட்டர் என்ற நடிகைக்கு ஆறு தடவை ஒஸ்கார் பரிந்துரை கிடைத்தது, விருது ஒருமுறையும் கிடைக்கவில்லை. வேலைக்கு மட்டும் குறைவில்லை. சென்னையிலும் இதே கதைதான். 1936இல் ‘சதி லீலாவதி’யில் எம்.ஜி.ஆரோடு ஒன்றாக அறிமுகமான டி. எஸ். பாலையா நாயகனாக நிலைக்காமலே எழுபதுகளின் தொடக்கம்வரை தமிழ்ச் சினிமாவின் தவிர்க்கமுடியாத மனிதராக இருந்தார். ஸ்டூடியோக்கள் இருந்தன, மாதம் தவறாமல் படங்கள் வந்தன, சோறு போட்டன.

யாழ்ப்பாணத்து நடிகனுக்குச் சோறு போட்டது கச்சேரியும் கந்தோரும் பள்ளிக்கூடமும். 1962இல் வந்த ‘சமுதாயம்’ முதல் 1993இல் வந்த ‘ஷார்மிளாவின் இதயராகம்’ வரை இலங்கையில் எடுக்கப்பட்ட தமிழ்க் கதைப்படங்களை எண்ணினால் முப்பதைத் தொடாது. வருடத்துக்கு ஒரு படம்கூட இல்லை என்பது கணக்கு. யாழ்ப்பாண நகரில் தியேட்டருக்குப் பஞ்சமில்லை. வின்சர், ரீகல், வெலிங்டன், ராணி, மனோகரா, ராஜா, லிடோ, ஸ்ரீதர், சாந்தி என்று அடுக்கிக்கொண்டே போகலாம். ஆனால் அங்கே வாரக்கணக்கில் ஓடியவை எம்.ஜி.ஆர், சிவாஜி படங்கள். உள்ளூர்ப் படம் ஒன்று வந்தால் நாலு நாள் எட்டிப் பார்த்துவிட்டு, ‘எங்கடையவையும் படம் எடுக்கினம்’ என்று நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு, அடுத்த கிழமை மறுபடி சிவாஜிக்கு வரிசையில் நிற்பதே நம்மவர் வழக்கம். 1977இல் தர்மசேன பத்திராஜா காவலூர் ராசதுரையின் எழுத்தில் எடுத்த ‘பொன்மணி’யை இன்று உலகத் திரைப்பட விழாக்காரர்கள் தேடிப் பார்க்கிறார்கள். அதை அன்று யாழ்ப்பாணத்தில் ஓடவிட்ட நாள்கள் விரல்விட்டு எண்ணக்கூடியவை. இந்தச் சந்தையில் நடிப்பை மட்டும் நம்பி யாரும் கல்யாணம் பேசப் போகமுடியாது. ஆகவே நமது நடிகர்கள் எல்லோரும் நாலரை மணிக்குப் பிறகு நடிகர்கள். அதை ஒரு குறையாக எழுதுவதே வழக்கம். எனக்கு அப்படித் தோன்றவில்லை. வரி உத்தியோகத்தர் ஒருவருடைய மேசைக்கு முன்னால் வந்து இருக்கிற மனிதர்களைக் கொஞ்சம் நினைத்துப் பாருங்கள். கடைக்காரர், கொந்தராத்துக்காரர், கணக்கை ஒளிக்கிறவர், ஒளிக்கத் தெரியாமல் வியர்க்கிறவர். சனத்தின் பேச்சையும் முழியையும் வைத்து ஆளை மட்டுக்கட்டுவதற்கு இதைவிட நல்ல பயிற்சிக் கூடம் எந்த நடிப்புக் கல்லூரியிலும் கிடைக்காது.

அந்தப் பயிற்சி வெளிப்பட்ட இடம் முதலில் வானொலி. 1967 ஜனவரியில் கூட்டுத்தாபனமாக மாறிய இலங்கை வானொலிதான் எங்களுக்கு இருந்த ஒரே பெரிய ‘ஸ்டூடியோ’ என்று சொல்வேன். மாதக்கணக்கில் நீளும் தொடர் நாடகம், விளம்பரதாரர், தயாரிப்பாளர், ஒத்திகை, திரும்பத் திரும்ப அழைக்கப்படும் நடிகர் குழு என்று ஹொலிவூட்டில் துணை நடிகரை வளர்த்த அத்தனை ஏற்பாடுகளும் சிறிய அளவில் அங்கே இருந்தன. நடிகருக்கு உடம்பு இல்லை, குரல்தான் உடம்பு. ஒலிவாங்கிக்குக் கிட்ட வந்து பேசினால் மனதுக்குள் பேசுவது, அரையடி விலகினால் எதிரில் இருப்பவரோடு பேசுவது, இன்னும் விலகித் தலையைத் திருப்பினால் முற்றத்திலிருந்து கூப்பிடுவது. கையில் இருக்கும் பிரதித்தாள் சரசரக்கக்கூடாது. மூச்சு வாங்குவதுகூடப் பாத்திரத்தின் மூச்சாக இருக்கவேண்டும்.

சில்லையூர் செல்வராசன் எழுதி, கே. எம். வாசகர் தயாரிப்பில், மக்கள் வங்கியின் அனுசரணையோடு ஒலிபரப்பான ‘தணியாத தாகம்’ இந்த வகையின் உச்சம். விஜயாள் பீற்றர், ஆனந்தராணி போன்றவர்களோடு பாலச்சந்திரன் அதில் சோமுவாக நடித்தார். ஒரு யாழ்ப்பாணக் குடும்பத்தின் கஷ்ட நஷ்டத்தை, அந்தக் குடும்பம் உண்மையில் பேசுகிற பேச்சிலேயே சொன்ன நாடகம் அது. ஒலிபரப்பாகும் நேரத்தில் ஊரில் தெருக்கள் அடங்கிப்போயின என்று அக்காலத்து மனிதர்கள் இன்றும் சொல்வார்கள். வர்த்தக சேவையின் அலை பாக்குநீரிணையைக் கடந்து தமிழ்நாட்டின் தென்கரை வரை போனதால் இராமநாதபுரத்துப் பக்கத்திலும் இந்தக் குரல்களுக்கு இரசிகர்கள் இருந்தார்கள். கொண்டக்டராகச் சிரிக்கவைத்தவர்தான் இந்தச் சோமு என்பதைப் புதிதாகக் கேட்பவர்களால் நம்பமுடியாது. அழவைக்கவும் சிரிக்கவைக்கவும் ஒரே கருவியை, அன்றாட யாழ்ப்பாணப் பேச்சை, அவர் வைத்திருந்தார். சுதியை மட்டும் மாற்றினார்.

அந்தப் பேச்சை மேடைக்குக் கொண்டுவந்தது பாலச்சந்திரன் தலைமுறை அல்ல. அதற்கு முன்பே ஒரு பரம்பரை இருந்தது, அதிலும் முதல் ஆள் வடமராட்சிக்காரர். புலோலியில் பிறந்த பேராசிரியர் க. கணபதிப்பிள்ளை பல்கலைக்கழக மாணவர்களுக்காக எழுதிய நாடகங்களை 1940இல் ‘நானாடகம்’ என்று நூலாக்கினார். ‘உடையார் மிடுக்கு’ போன்றவற்றில் பாத்திரங்கள் பருத்தித்துறைச் சந்தையில் பேசுகிற மாதிரியே பேசின. ‘இராசாவும் மந்திரியும் இல்லாத நாடகமும் ஒரு நாடகமோ’ என்று முகம் சுளித்த பண்டிதர்களுக்கு அது ஒரு அதிர்ச்சி. பிறகு வானொலியில் இலங்கையர்கோன் எழுதிய ‘விதானையார் வீட்டில்’, ‘சானா’ என்ற சண்முகநாதனுக்குப் புகழ் தந்த ‘லண்டன் கந்தையா’ என்று அந்தப் பாதை அகலித்தது. இன்னொரு பக்கம் காங்கேசன்துறையில் நடிகமணி வி. வி. வைரமுத்து அரிச்சந்திரனாக மயானத்தில் நின்று பாடி விடியும்வரை சனத்தை இருத்தி வைத்திருந்தார். அது பாட்டின் அரங்கு, இது பேச்சின் அரங்கு. இரண்டும் ஒரே குடாநாட்டில் சில மைல் இடைவெளியில் வாழ்ந்தன. பாலச்சந்திரன் இரண்டாவது அரங்கின் பிள்ளை.

சினிமாவில்தான் இந்தப் பேச்சுக்குக் கதவு திறக்க நேரமானது. ஈழத்தில் எடுத்த ஆரம்பகாலப் படங்களில் நமது நடிகர்களே வாயைத் திறந்தால் கோடம்பாக்கம்தான் வந்தது. வசனம் என்றால் இப்படித்தான் இருக்கவேண்டும் என்று சிவாஜி படங்களைப் பார்த்துப் பழகிய காது. 1972இல் கட்டடக் கலைஞர் வி. எஸ். துரைராஜா தன் சொந்தக் காசைப் போட்டு எடுத்த ‘குத்துவிளக்கு’ யாழ்ப்பாணத்து விவசாயக் குடும்பத்தை யாழ்ப்பாணத்துப் பேச்சோடு திரைக்குக் கொண்டுவந்தது. பிறகு ‘பொன்மணி’. அதன்பின் 1978இல் ‘வாடைக்காற்று’. செங்கை ஆழியான் நெடுந்தீவை வைத்து எழுதிய நாவலை பிரேம்நாத் மொறாயஸ் இயக்கினார். வாடைக்காலத்தில் தீவுக்கு வந்து வாடி போட்டுத் தொழில் செய்யும் மீனவர்களின் கதை. பாலச்சந்திரனின் சினிமா முகம் பலருக்கு நினைவில் நிற்பது இந்தப் படத்தில்தான்.

இந்தப் படத்தில் நடித்தவர்களைப் பார்த்தால் எனக்குச் சிரிப்பும் பெருமையும் ஒன்றாக வரும். ஏ. ஈ. மனோகரன், அதாவது ‘சுராங்கனி’ மனோகரன், தீவு முழுவதையும் ஆடவைத்த பொப் பாடகர். இந்திரகுமார் ஒரு வைத்தியர். பாலச்சந்திரன் வரி உத்தியோகத்தர். ‘பொன்மணி’யில் இன்னும் மோசம்: சித்திரலேகா மௌனகுரு போன்ற விரிவுரையாளர்கள், மருத்துவப் பேராசிரியரும் எழுத்தாளருமான நந்தி என்று பாதிப் படம் பல்கலைக்கழகப் பொது அறை மாதிரி இருக்கும். ஹொலிவூட்காரன் கேட்டால் தலையில் கைவைப்பான். ஆனால் திரையில் வருகிற முகம் ஒவ்வொன்றும் எங்கேயோ கண்ட முகமாக இருந்ததற்கும் இதுதான் காரணம். சந்தையிலும் ஆஸ்பத்திரியிலும் கந்தோரிலும் அவர்களை நாம் உண்மையாகவே கண்டிருந்தோம்.

அவர் நடித்த மற்றப் படங்கள் ‘அவள் ஒரு ஜீவநதி’, வி. பி. கணேசனின் ‘நாடு போற்ற வாழ்க’, ‘ஷார்மிளாவின் இதயராகம்’ ஆகியவை. இலங்கையில் எடுத்த சிங்களப் படம் ஒன்றிலும் ஆங்கிலப் படம் ஒன்றிலும்கூட முகம் காட்டியிருக்கிறார். இவற்றை ஒன்றாக வைத்துப் பார்த்து ‘பெரிய திரை வாழ்க்கை’ என்று நான் சொல்லமாட்டேன். படங்கள் பலவும் சுமார்தான். நடிகர் அகப்பட்ட இடத்தில் தன் இரண்டு காட்சியைச் சரியாகச் செய்துவிட்டுப் போனார், அவ்வளவுதான். ஆனால் குணசித்திர நடிகனின் தொழில் தர்மமே அதுதானே. மோசமான படத்திலும் அவன் வருகிற இரண்டு நிமிடம் மோசமாக இருக்காது.

வானொலியிலிருந்து சினிமாவுக்குப் போய் வெற்றிபெற்ற இன்னொரு கூட்டத்தையும் இங்கே சொல்லாமல் விடமுடியாது. ‘கோமாளிகள் கும்மாளம்’ என்ற வானொலித் தொடர் 1976இல் ‘கோமாளிகள்’ என்ற படமானது. எஸ். ராம்தாஸ் முஸ்லிம் மரிக்காராக, செல்வசேகரன் சிங்கள உபாலியாக, அப்துல் ஹமீது ஐயராக, ராஜகோபால் யாழ்ப்பாணத்து அப்புக்குட்டியாக வந்தார்கள். இந்து முஸ்லிமாகவும், முஸ்லிம் ஐயராகவும், தமிழர் சிங்களவராகவும் கூசாமல் மாறிக்கொண்ட கூட்டம். ஒருவரையொருவர் நக்கலடித்தும் யாருக்கும் மனம் நோகவில்லை. இன்றைக்கு யாராவது இப்படி ஒரு நாடகம் போடட்டும் பார்க்கலாம்.

பாலச்சந்திரனின் பாதையை விளங்கிக்கொள்ள அதற்கு எதிர்ப்பாதையில் போன ஒருவரைப் பக்கத்தில் நிறுத்திப் பார்க்கலாம். ஏ. ரகுநாதன் 1935இல் மலேசியாவில் பிறந்து நவாலியில் வளர்ந்து மானிப்பாய் இந்துக் கல்லூரியில் படித்தவர். அவருக்குச் சினிமா ஒரு வெறி. 1966இல் எம். வேதநாயகம் ஷேக்ஸ்பியரின் ‘ஹம்லெற்’றைத் தழுவி எடுத்த ‘கடமையின் எல்லை’யில் நடித்தார். அது போதாதென்று 1968இல் ‘நிர்மலா’வைத் தானே தயாரித்தார். ஈழத்துத் தமிழ்ப் படம் எடுத்துக் கை சுடாதவர் யார்? ஆனால் ரகுநாதன் விடவில்லை, ‘தெய்வம் தந்த வீடு’ வரை ஒன்றன்பின் ஒன்றாகத் தொடர்ந்தார். பிறகு புலம்பெயர்ந்து பிரான்சில் வாழ்ந்த காலத்தில்தான் விசித்திரம் நடந்தது. நாயகன் கனவோடு தொடங்கியவர் முதுமையில், கையில் கமராவோடு வந்த இளைஞர்களின் படங்களில் அப்பாவாக, தாத்தாவாக, தனித்துப்போன அகதிக் கிழவராக நடித்தார். என் அபிப்பிராயத்தில் அவருடைய நல்ல நடிப்பு அந்தக் கடைசிப் பத்துப் பதினைந்து வருடங்களில்தான் இருக்கிறது. 2020 ஏப்ரல் 22ஆம் திகதி பாரிசில் கொரோனா அவரைக் கொண்டுபோனது. பாலச்சந்திரன் இருபத்தைந்து வயதிலேயே வந்து சேர்ந்த இடத்துக்கு ரகுநாதன் ஒரு பெரிய சுற்றுச் சுற்றி, காசையும் கரைத்து, கடைசியில் வந்துசேர்ந்தார். இருவரையும் ஒரே அளவுக்கு மதிக்கிறேன். ஒருவர் இல்லாவிட்டால் படம் எடுக்க ஆளில்லை, மற்றவர் இல்லாவிட்டால் எடுத்த படத்தில் மனிதர் இல்லை.

பிரென்னனுக்குத் தொலைக்காட்சி வந்து கைகொடுத்தது என்றேன். நமது நடிகர்களுக்கும் அது வந்தது. 1982 பெப்ரவரி 15ஆம் திகதி ரூபவாஹினி ஒளிபரப்பைத் தொடங்கியது. தமிழுக்கு ஒதுக்கிய நேரம் சொற்பம்தான், ஆனாலும் வானொலியில் பதினைந்து வருடம் பழகிய ஒரு முழு நடிகர் குழு கொழும்பில் ஆயத்தமாக நின்றது. அவர்களுக்கு வயதும் சரியாக வந்திருந்தது. முப்பத்தெட்டு, நாற்பது என்பது குணசித்திர நடிகனுக்கு வாழ்க்கை தொடங்குகிற வயது. பதினேழு மாதம் கழித்து 1983 ஜூலைக் கலவரம் வந்தது. ஹெந்தளையில் விஜயா ஸ்டூடியோவை எரித்தார்கள். தமிழ்க் கலைஞர்களில் ஒரு பகுதியினர் கப்பலேறி யாழ்ப்பாணம் வந்தார்கள், இன்னொரு பகுதியினர் விமானமேறினார்கள். விளம்பரதாரர்கள் போனார்கள், தயாரிப்பாளர்கள் போனார்கள், இரசிகர்களும் போனார்கள். தொலைக்காட்சி என்ற வண்டி வந்து நின்ற நேரத்தில் தரிப்பிடத்தில் ஆளில்லை. ஈழத்து நடிப்புக் கலையின் மிகப்பெரிய இழப்பு எதுவென்று என்னைக் கேட்டால் எரிந்த படச்சுருள்களைச் சொல்லமாட்டேன், எடுக்கப்படாமலே போன அந்தப் பத்து வருடத் தொலைக்காட்சி நாடகங்களைச் சொல்வேன்.

யாழ்ப்பாணத்தில் நாடகம் நிற்கவில்லை. குழந்தை ம. சண்முகலிங்கம் எழுதி க. சிதம்பரநாதன் நெறிப்படுத்திய ‘மண் சுமந்த மேனியர்’ 1985இல் ஊரூராகப் போனது. சனம் வெட்ட வெளியில் இருந்து பார்த்து அழுதது. ஆனால் அந்த அரங்கு கூட்டமாக நின்று குரல் எழுப்பும் அரங்கு. தனி மனிதரின் கோணங்கித்தனத்துக்கு அங்கே இடம் குறைவு, காலமும் அதற்கானதாக இல்லை. மின்சாரம் அற்றுப்போன தொண்ணூறுகளில் சைக்கிளைத் தலைகீழாக நிறுத்தி, கையால் மிதியைச் சுற்றி, டைனமோவில் வானொலி கேட்ட ஊர் இது. பற்றரிக்குத் தடை இருந்த காலம். கேட்பதற்கு மட்டும் தடை போடமுடியவில்லை.

பாலச்சந்திரன் கனடாவில் மறுபடி முதலிலிருந்து தொடங்கினார். ரொறன்ரோவில் தமிழ் வானொலிகள் முளைத்த காலம் அது. பெட்டிக்குள்ளிருந்து வருகிற ஊர்ப்பேச்சுக்காகக் காரிலும் தொழிற்சாலையிலும் சனம் காத்திருந்தது. ‘வாத்தியார் வீட்டில்’ என்ற அவருடைய தொடர் நாடகம் அந்தக் காதுகளைப் பிடித்துக்கொண்டது. பின்னர் கனடாத் தமிழ்த் தொலைக்காட்சியில் ‘வை. ரி. லிங்கம் ஷோ’ வந்தது. பனிக்குளிரில் கோட்டுக்குள் ஒடுங்கிக்கொண்டு, கதையில் மட்டும் கரவெட்டியை விடாத ஒரு தகப்பன் தலைமுறை அங்கே இருந்தது. பிள்ளை ஆங்கிலத்தில் கேட்கும், இவர் வடமராட்சியில் பதில் சொல்வார். சிரிப்பும் அங்கேதான், வலியும் அங்கேதான். ‘உயிரே உயிரே’, ‘மென்மையான வைரங்கள்’, ‘எங்கோ தொலைவில்’ என்று ரொறன்ரோத் தமிழர் எடுத்த படங்களிலும் நடித்தார். சம்பளத்துக்காக அல்ல என்பதைச் சொல்லத் தேவையில்லை.

ஒரு மனக்குறையையும் சொல்லிவிடுகிறேன். ‘அண்ணை றைற்’ அவருக்குப் புகழைக் கொடுத்தது, அதே நேரம் அவரைப் பிடித்தும் வைத்திருந்தது. எந்த மேடைக்குப் போனாலும் சனம் அதையே கேட்டது. ‘தணியாத தாகம்’ சோமுவைப் போல இன்னும் பத்துப் பாத்திரங்கள் அந்தக் குரலுக்குள் இருந்தன. நாம் கேட்கவில்லை. தமிழ்நாட்டுச் சினிமாவுக்கும் யாழ்ப்பாணப் பேச்சு என்றால் பெரும்பாலும் சிரிப்புக்கு உரியதுதான். 2000ஆம் ஆண்டில் ‘தெனாலி’யில் கமல்ஹாசன் அந்தப் பேச்சைக் கஷ்டப்பட்டுப் பயின்று பேசியபோதும் திரையரங்கு சிரிக்கவே ஆயத்தமாக வந்திருந்தது. அழுத்தமான ஒரு குடும்பக் கதையில், வில்லனாக, துரோகியாக, காதலனாக ஒருவன் யாழ்ப்பாணத்தில் பேசினால் கோடம்பாக்கம் அதை எப்படி எடுத்துக்கொள்ளும் என்பது அதிகம் பரீட்சிக்கப்படாத விஷயம். வானொலியில் அந்தப் பரீட்சை ஐம்பது வருடத்துக்கு முன்பே நடந்து, தேறியும் விட்டது.

நடிப்பில் கிடைக்காத பாரமான இடத்தை அவர் எழுத்தில் தேடினார் என்று நினைக்கிறேன். 2009இல் ‘கரையைத் தேடும் கட்டுமரங்கள்’ என்ற நாவல் வெளிவந்தது. மீனவர் வாழ்வைச் சொன்ன ‘வாடைக்காற்று’ படத்தில் நடித்தவர், முப்பது வருடம் கழித்து, கடல் தெரியாத ரொறன்ரோவில் இருந்துகொண்டு மீனவர் வாழ்வையே கதையாக எழுதினார். அதிலும் பேச்சுத்தான் உயிர். வர்ணனை வருகிற இடங்களில் கொஞ்சம் தள்ளாடுகிற நடை, இரண்டு பேர் வாயைத் திறந்து கதைக்கத் தொடங்கியதும் நிமிர்ந்து நடக்கும். காதால் எழுதுகிற எழுத்தாளர். ‘நேற்றுப் போல இருக்கிறது’ என்ற நினைவு நூலும் எழுதினார். வானொலி, மேடைக் கூட்டாளிகள், தயாரிப்பாளர்கள், ஒத்திகை அறைகள் என்று ஒரு காலத்தையே அதில் பதிந்து வைத்திருக்கிறார். தன்னைப் பற்றிச் சொல்வதைவிடப் பக்கத்தில் நின்றவரைப் பற்றிச் சொல்வதில் அவருக்கு உற்சாகம் அதிகம். அதுவும் துணை நடிகனின் குணம்தான்.

ஈழத்துத் தமிழ்ப் படங்கள் பலவற்றின் பிரதிகள் இன்று இல்லை. ஒளிநாடாவில் மங்கலாகத் தப்பியவை சில, இணையத்தில் துண்டுதுண்டாகக் கிடப்பவை சில. பாலச்சந்திரனின் குரல் அதைவிட நன்றாகத் தப்பியிருக்கிறது. ஒலிநாடா இறுவட்டாகி, இறுவட்டு யூரியூப்பாகி, இ.போ.ச. பஸ்ஸில் ஏறியே பார்த்திராத, ரொறன்ரோவிலும் லண்டனிலும் பிறந்த பிள்ளைகள் அதைக் கேட்டுச் சிரிக்கிறார்கள்.

இப்போது யாழ்ப்பாணத்தில் குறும்படமும் முழுநீளப் படமும் எடுக்கிற இளைஞர்கள் நிறையப் பேர். கமரா இருக்கிறது, ட்ரோன் இருக்கிறது, எடிட்டிங் தெரிகிறது. நாயகனுக்கும் ஆள் தட்டுப்பாடு இல்லை, தாடி வளர்த்த நண்பன் ஒருவன் எப்போதும் இருப்பான். அப்பா வேடத்துக்கும் விதானையார் வேடத்துக்கும் சந்திக்கடை முதலாளி வேடத்துக்கும்தான் ஆள் தேடி அலைகிறார்கள். கடைசியில் யாரோ ஒரு ஓய்வுபெற்ற ஆசிரியரையோ வங்கி உத்தியோகத்தரையோ சம்மதிக்கவைத்து, சனி ஞாயிறில் படப்பிடிப்பு வைக்கிறார்கள். மத்தியானச் சாப்பாடு உண்டு. சம்பளப் பேச்சை இரு பக்கத்தாரும் எடுப்பதில்லை.